யாரைப் பார்த்துச் சிரிக்கச் சொன்னார் கலைவாணர்?



பொதுக்கூட்டம் முடிந்து, விளக்குகள் அணைந்து, நாற்காலிகளை அடுக்கிக்கொண்டிருக்கும் நேரத்தில் நம்மவர்களிடையே ஒரு பேச்சு எழும். "இன்றைக்குப் பேச்சு எப்படி?" என்பார் ஒருவர். "கிழி கிழி என்று கிழித்துவிட்டாரே!" என்பார் மற்றொருவர். கைதட்டினோம், களித்தோம், கலைந்தோம்! ஆனால் கூட்டத்தின் ஓரத்தில், தேநீர்க் கடைத் தூணில் சாய்ந்து நின்று கேட்டுக்கொண்டிருந்தானே மாற்றுக் கட்சித் தொழிலாளி, அவன் என்ன எண்ணத்தோடு வீடு திரும்பினான்? அதை நம்மில் எவராவது கேட்டதுண்டா? கிழிபட்டவன் நம் பக்கம் வருவானா, கிழிசலைத் தைத்துக்கொண்டு இன்னும் எட்டிப் போவானா?

இந்தக் கேள்விக்கு விடை தேடி நான் தலைவர்களிடம் போகவில்லை. தத்துவ நூல்களைப் புரட்டவில்லை. ஒரு சிரிப்பு நடிகரிடம் போகிறேன். நீங்களும் கூட வாருங்கள்.

ஆண்டு 1957. பொதுத்தேர்தல். காஞ்சிபுரத்தில் அறிஞர் அண்ணா நிற்கிறார். எதிர்த்து நிற்பவர் ஒரு டாக்டர். ஊரிலே நல்ல பெயர் எடுத்தவர். அண்ணாவுக்கு ஓட்டுக் கேட்க மேடையேறுகிறார் என். எஸ். கிருஷ்ணன். கூட்டம் காத்திருக்கிறது, இதோ கிழிக்கப் போகிறார் என்று! அவரோ டாக்டரைப் புகழத் தொடங்குகிறார். அவர் கைராசி என்ன, அவர் மருந்தின் மகிமை என்ன, ஏழைகளிடம் அவர் காட்டும் இரக்கம் என்ன! அடுக்கிக்கொண்டே போகிறார். நம் ஆட்கள் முகத்தில் ஈயாடவில்லை. எதிர்க்கட்சிக்காரர் முகத்திலோ பூரிப்பு. கடைசியில் கேட்டாராம்: இத்தனை நல்ல டாக்டரைச் சென்னைக்கு அனுப்பிவிட்டால், நமக்குக் காய்ச்சல் வந்தால் யாரிடம் போவது? டாக்டரை ஊரோடு வைத்துக்கொள்வோம், அண்ணாவைச் சட்டசபைக்கு அனுப்புவோம்!

கூட்டம் வெடித்துச் சிரித்தது. டாக்டருடைய ஆட்களும் சிரித்தார்கள். ஒரு வசவு இல்லை, ஒரு வடு இல்லை. அண்ணா வென்றார். மேடைக்கு மேடை சொல்லப்பட்டு வரும் செய்தி இது. நம்மில் பலர் கேட்டதுதான். கேட்டுச் சிரித்தோம், சிரித்துவிட்டு மறந்தோம். அந்தச் சிரிப்புக்குப் பின்னால் முப்பது ஆண்டு உழைப்பும், உறுதியான கொள்கை ஒன்றும் இருந்ததை எண்ணிப் பார்த்தோமா? யாரைப் பார்த்துச் சிரிப்பது, யாரைப் பார்த்துச் சிரிக்கக்கூடாது என்பதே அந்தக் கொள்கை.

சோடா விற்ற சிறுவன்

நாகர்கோவிலை அடுத்த ஒழுகினசேரி. அந்நாளில் அது திருவிதாங்கூர் சமஸ்தானத்து மண். 1908 நவம்பர் 29ஆம் நாள் சுடலைமுத்துவுக்கும் இசக்கியம்மாளுக்கும் பிறந்தார் கிருஷ்ணன். வீட்டில் வறுமை. நான்காம் வகுப்போடு படிப்பு நின்றது. பள்ளிக்கூடம் கதவை அடைத்தது, நாடகக் கொட்டகை கதவைத் திறந்தது. நடிகனாக அல்ல, சோடா விற்கும் சிறுவனாக! டென்னிஸ் மட்டைக்கு நரம்பு பின்னும் வேலையும் பார்த்திருக்கிறார். மட்டை பணக்காரன் கையில், நரம்பு பின்னும் ஊசி ஏழை கையில்! அந்த வயதிலேயே உலகம் அவருக்குப் பாடம் நடத்தத் தொடங்கிவிட்டது.

நாஞ்சில் நாடு வில்லுப்பாட்டுக்குப் பேர் போன நாடு. வில்லின் நாணில் கோல் விழ, குடம் அதிர, கதை சொல்பவர் ஒரு கேள்வி போட, பக்கத்தில் இருப்பவர் "ஆமாம்" போட, கூட்டம் விடிய விடிய அமர்ந்து கேட்கும். படித்தவனுக்கும் படியாதவனுக்கும் ஒரே கதை, ஒரே சிரிப்பு. பிற்காலத்தில் கலைவாணர் பேசிய பேச்சில் எல்லாம் அந்த வில்லின் ஓசை கேட்கும். கேள்வி போடுவார், இடைவெளி விடுவார், பதிலை நம் வாயாலேயே வரவழைப்பார்.

பிறகு டி. கே. எஸ். சகோதரர்களின் நாடகக் குழு. "பாய்ஸ் கம்பெனி" என்று சொல்வார்களே, அந்த உலகம். விடிந்தால் பாடம், பொழுது சாய்ந்தால் ஒப்பனை, நள்ளிரவில் சோறு, ஊர் ஊராகப் பயணம். தமிழ்த் திரையின் முதல் தலைமுறையில் பெரும்பகுதி அந்தக் கூடாரத்தில் வளர்ந்த பிள்ளைகள்தான்.

1935இல் அந்தக் குழுவின் "மேனகா" படமாயிற்று. ராஜா சாண்டோ இயக்கினார். அதில் கிருஷ்ணனும் இருந்தார். 1936இல் எல்லிஸ் ஆர். டங்கன் இயக்கிய "சதிலீலாவதி" வந்தது. எம். ஜி. ஆரும், டி. எஸ். பாலையாவும் முதன்முதலாக முகம் காட்டிய படம். ஒரே படத்தில் எத்தனை விதைகள்!

படத்துக்குள் ஒரு படம்

அந்தக் காலத்து நாடகத்தில் "பபூன்" என்றொருவன் வருவான். ராஜா அழுது முடித்த இடைவேளையில் குட்டிக்கரணம் போடுவான். எதைச் சொல்லிச் சிரிக்க வைப்பான்? நொண்டியைப் போல நடப்பான். செவிடனைப் போலக் காதில் கை வைப்பான். திக்குவாயனைப் போலத் திணறுவான். வேலைக்காரனாக வந்து உதை வாங்குவான். சபை சிரிக்கும். யாரைப் பார்த்து? இல்லாதவனைப் பார்த்து, இயலாதவனைப் பார்த்து, ஏற்கெனவே அடிபட்டுக் கிடப்பவனைப் பார்த்து! மாளிகைக்காரனைப் பார்த்துச் சிரிக்க மட்டும் எவருக்கும் துணிவில்லை.

கிருஷ்ணன் அந்தக் கணக்கைத் தலைகீழாக மாற்றினார். அவரும் அசடனாக வந்தார், ஏமாளியாக வந்தார். ஆனால் அந்த அசடன் கேட்ட கேள்விக்கு அறிவாளியால் பதில் சொல்ல முடியவில்லை! சிரிப்பு ஏழையை விட்டுவிட்டு ஏய்ப்பவன் மீது பாய்ந்தது. உடல் குறையை விட்டுவிட்டு மூளைக் குறையைத் தேடிப் போயிற்று. போலி வைதிகம், மூட வழக்கம், பணத்திமிர், சாதிச் செருக்கு, குடிப்பழக்கம் இவையே அவர் வைத்த இலக்கு.

1941இல் "சந்திரஹரி" வந்தது. பம்மல் சம்பந்த முதலியார் எழுதிய நாடகம் அது. அரிச்சந்திரன் உயிரே போனாலும் பொய் சொல்ல மாட்டான் அல்லவா? சந்திரஹரியோ உயிரே போனாலும் உண்மை பேச மாட்டான்! புராணத்தைக் கண்ணாடியில் காட்டினால் இடம் வலமாகும். அப்போதுதான் பக்திக் கண் மூடியிருந்தவனும் கண் திறந்து பார்ப்பான். "சகுந்தலை" 1940இல் வந்தது. எம். எஸ். சுப்புலட்சுமி பாடி நடித்த காவியப் படம். அதிலே என். எஸ். கேயும் டி. எஸ். துரைராஜும் இரண்டு மீனவர்கள். துஷ்யந்தன் கதையை மறந்தவர்கள்கூட அந்த மீனவர்களின் வாய்ச்சண்டையை மறக்கவில்லை.

தொழில் முறையிலும் அவர் செய்தது புரட்சிதான். தம்மோடு ஒரு குழுவை வைத்துக்கொண்டார். நகைச்சுவைப் பகுதியை அவர்களே எண்ணி, எழுதி, ஒத்திகை பார்த்து, அமைத்துக் கொடுத்தார்கள். படத்துக்குள் ஒரு படம்! ஒட்டுப்போடப்பட்ட துணியாக இருந்த நகைச்சுவை, மெல்ல மெல்லச் சட்டையாகவே ஆயிற்று. சுவரொட்டியில் அவர் பெயரும் மதுரம் பெயரும் இருந்தால் கொட்டகை நிரம்பும் என்ற நிலை பிறந்தது. உழைப்பாளி தன் உழைப்பின் பலனைத் தானே ஆளவேண்டும் என்று நாம் பேசுகிறோம். சோடா விற்ற சிறுவன் அதைப் படத்துறையில் செய்து காட்டினார்.

இங்கே டி. ஏ. மதுரம் அம்மையாரைப் பற்றிச் சொல்லாமல் நகர முடியாது. 1936இல் "வசந்தசேனா" படத்தில் இணைந்தார்கள், வாழ்விலும் இணைந்தார்கள். அதற்கு முன் பெண் என்றால் திரையில் அழுவாள், அல்லது ஆடுவாள். மதுரம் கேள்வி கேட்டார்! கணவன் ஒன்று சொன்னால் ஒன்பது திருப்பிக் கொடுத்தார். விஞ்ஞானத்தை வளர்க்கப் போவதாகக் கணவன் பாட, அதனால் வீட்டுக்கு என்ன பயன் என்று மனைவி துருவிக் கேட்கும் பாட்டு ஒன்று உண்டு. அடுப்படியையும் ஆராய்ச்சிக் கூடத்தையும் ஒரே பாட்டில் சேர்த்துக் கட்டிய கெட்டிக்காரத்தனம் அது. பெண்ணை அறிவுள்ளவளாகக் காட்டிவிட்டுத் தாம் அசடராக நின்று சிரிப்பு வாங்கத் தெரிந்த ஆண் அன்று எத்தனை பேர்? இன்றுதான் எத்தனை பேர்?

சிரிப்புக்கு விலங்கு

1944 தீபாவளிக்கு "ஹரிதாஸ்" வந்தது. தியாகராஜ பாகவதர் பாட, என். எஸ். கே. சிரிக்க வைக்க, சென்னை பிராட்வே கொட்டகையில் மூன்று தீபாவளிகளைக் கண்ட படம். ஆனால் அந்த ஓட்டத்தின் பெரும்பகுதிக் காலம், படத்தில் பாடியவரும் சிரித்தவரும் சிறைக்கம்பிகளுக்குப் பின்னால்!

லட்சுமிகாந்தன் என்றொருவர். நடிக நடிகையரின் அந்தரங்கத்தை அச்சேற்றிப் பத்திரிகை நடத்தியவர். முதலில் "சினிமா தூது", பிறகு "இந்துநேசன்". 1944 நவம்பர் 8ஆம் நாள் வேப்பேரியில் அவர் கத்தியால் குத்தப்பட்டார், மறுநாள் இறந்தார். பாகவதரும் கிருஷ்ணனும் கைது செய்யப்பட்டனர். 1945இல் இருவருக்கும் ஆயுள் தண்டனை. மேல்முறையீடு தள்ளுபடியாயிற்று. வழக்கு லண்டன் பிரிவி கவுன்சில் வரை போய்த் திரும்பியது. மறுபடியும் சென்னை உயர்நீதிமன்றம், எத்திராஜ் வாதாடினார், 1947 ஏப்ரலில் இருவரும் குற்றமற்றவர் என்று விடுதலை. இரண்டு ஆண்டுகளுக்கு மேற்பட்ட வாழ்வு போயிற்று! அதைத் திருப்பித் தர எந்த நீதிமன்றத்தாலும் ஆகாது.

உச்சியில் இருந்தபோது சுற்றி நின்றவர்கள் எத்தனை பேர்! விலங்கு விழுந்தபோது அருகில் நின்றவர்கள் எத்தனை பேர்! எண்ணிப் பார்த்தால் விரல்கள் மிஞ்சும். அந்த இருட்டில் விளக்கேந்தியவர் மதுரம். அழுது ஓய்ந்து மூலையில் உட்காரவில்லை. எஸ். வி. சகஸ்ரநாமத்தின் துணையோடு என். எஸ். கே. நாடக சபையை நடத்தினார். வழக்குச் செலவுக்குப் பணம் வேண்டும். குழுவினர் அடுப்பு எரிய வேண்டும். அங்கே அரங்கேறியதுதான் "பைத்தியக்காரன்" நாடகம். விதவை மறுமணத்தைப் பேசிய நாடகம். 1947இல் கிருஷ்ணன் – பஞ்சு இயக்கத்தில் படமாயிற்று. விடுதலையாகி வந்த கலைவாணரும் அதிலே தோன்றினார்.

தோன்றி என்ன செய்தார் தெரியுமா? கண்ணீர் விட்டாரா? கதறினாரா? தம்மைக் கைவிட்டவர்களைச் சாடினாரா? இல்லை. சிறைக்குப் போய் வந்தவர்களைப் பற்றியே ஒரு பாட்டுப் பாடிச் சிரிக்க வைத்தார்! தம் மீது விழுந்த கல்லை எடுத்து அதிலேயே படி கட்டிக்கொள்ளும் மனத்திடம் எல்லாருக்கும் வாய்ப்பதில்லை. பாகவதரின் குரல் அதே குரல்தான். ஆனால் சிறைக்குப் பின் வந்த படங்கள் பழைய புகழைத் திருப்பிக் கொடுக்கவில்லை. கனவுகளின் மன்னனாக உயர்ந்தவரை அந்தக் கறை உறுத்தியது. கலைவாணரோ கனவு விற்றவர் அல்லர். கஷ்டப்படுகிறவனோடு சேர்ந்து சிரித்தவர். கஷ்டம் தமக்கே வந்தபோது, மக்கள் அவரை இன்னும் தம்மவராகக் கண்டார்கள். 1948இல் வெளிவந்த "சந்திரலேகா"விலும் அவரும் மதுரமும் சர்க்கஸ் கூடாரத்தில் சிரித்தார்கள், நாடே சிரித்தது.

நந்தனாரும் கிந்தனாரும்

1949. கழகம் பிறந்தது அந்த ஆண்டு செப்டம்பர் 17ஆம் நாள். அதற்கு முன்பே, அதே ஆண்டில், "நல்லதம்பி" வெளிவந்துவிட்டது. கதை வசனம் அண்ணா. தயாரித்தவர் கலைவாணர். எளிய மனிதன் ஒருவனுக்கு ஜமீன் சொத்து வந்து சேருகிறது. சொத்தைக் கண்டு அவன் மாறவில்லை. சொத்தை மக்களுக்காக மாற்ற நினைக்கிறான். சென்னை மாகாணத்தில் முழு மதுவிலக்கு வந்திருந்த நேரம். குடியின் கேட்டையும் படம் எடுத்துச் சொன்னது.

அந்தப் படத்தில்தான் "கிந்தனார்" காலட்சேபம். நந்தனார் சரித்திரத்தைப் பாகவதர்கள் பாடக் கேட்டிருப்பீர்கள். சிப்ளாக்கட்டை, மிருதங்கம், பின்பாட்டு, உருக்கம் எல்லாம் இருக்கும். கலைவாணர் அந்தக் கோலத்தில் ஒன்றைக்கூட மாற்றவில்லை. பாகவதரைப் போலவே நின்றார், பாகவதரைப் போலவே இழுத்தார், பாகவதரைப் போலவே உருகினார். மாற்றியது கதையை மட்டும்!

நந்தனார் போகத் துடித்த இடம் சிதம்பரம். கிந்தனார் போகத் துடித்த இடம் பள்ளிக்கூடம். நந்தனார் நெருப்பில் புகுந்து தூய்மை பெற்றார் என்றார்கள். கிந்தனார் நெருப்பில் புகவில்லை, நெருப்பால் ஓடும் ரயிலில் ஏறினார், பட்டணம் போனார், படித்தார், உயர்ந்து திரும்பினார். ஒதுக்கப்பட்டவன் உயர வேண்டுமானால் உடம்பை எரிக்க வேண்டாம், எழுத்தைக் கற்றால் போதும் என்ற பெருங்கருத்தைச் சிரித்துக்கொண்டே சொல்லி முடித்துவிட்டார். அந்த ரயிலைப் பாருங்கள். எவன் மேல்சாதி, எவன் கீழ்சாதி என்று அது கேட்கிறதா? சீட்டு இருக்கிறதா என்று மட்டுமே கேட்கிறது. எல்லாரையும் ஒரே பலகையில் உட்கார வைத்து இழுத்துக்கொண்டு போகிறது. ஆயிரம் உபதேசம் செய்யாத வேலையை ஓர் இயந்திரம் செய்கிறது என்று அவர் பாடினார்.

இதையே நம்மில் ஒருவர் மேடையில் சொன்னால் எப்படிச் சொல்லியிருப்போம்? நந்தனாரை நெருப்பில் தள்ளியவன் யார் என்று முழங்கியிருப்போம். நியாயமான முழக்கம்தான்! ஆனால் நந்தனார் கதை கேட்டு ஆண்டுதோறும் கண்ணீர் விடும் பக்தன் காதைப் பொத்திக்கொண்டு எழுந்து போயிருப்பான். கலைவாணர் அவனை எழ விடவில்லை. அவனுக்குப் பழக்கமான ராகத்தில், அவனுக்குப் பழக்கமான கட்டைச் சத்தத்தில் பாட, அவன் தலையாட்டிக்கொண்டே கேட்டான், சிரித்துக்கொண்டே கேட்டான், சிரித்து முடித்தபோது அவன் பையில் ஒரு புதுக்கருத்து இருந்தது!

உடுமலை நாராயணகவியைப் போன்ற பாட்டாளிக் கவிஞர்கள் அவருக்குப் பாட்டெழுதினார்கள். மக்கள் பேசும் தமிழ். சந்தையில் புழங்கும் சொல். ஆனால் கருத்தோ சாட்டை. 1955இல் வந்த "முதல் தேதி" படத்தில் மாதச் சம்பளக்காரன் வீட்டைப் பற்றி அவர் பாடியதை நினைத்துப் பாருங்கள். சம்பளம் வந்த நாளின் கொண்டாட்டம், மாதக் கடைசியின் திண்டாட்டம். ஆலைத் தொழிலாளிக்கும் அலுவலகக் குமாஸ்தாவுக்கும் அது பாட்டல்ல, வீட்டுக் கணக்கு! 1956இல் கலைஞர் வசனம் எழுதிய "ராஜா ராணி"யில் சிரிப்பையே எடுத்துக்கொண்டு, அதிலே எத்தனை வகை என்று பாடிச் சிரித்துக் காட்டினார். அசட்டுச் சிரிப்பு வேறு, ஆணவச் சிரிப்பு வேறு, வஞ்சகன் சிரிப்பு வேறு என்று வகை பிரித்துத் தெரிந்தவர், எந்தச் சிரிப்பை மக்களுக்குத் தரலாம் என்பதையும் தெரிந்து வைத்திருந்தார்.

எந்தப் பட்டியலில் அவர் பெயர்?

"கலைவாணர் நம்மவர்!" என்று நாம் மார்தட்டுவதுண்டு. உரிமை உண்டு. "மணமகள்" 1951, "பணம்" 1952. இரண்டையும் இயக்கியவர் அவர், எழுதியவர் கலைஞர். "பணம்" படத்தில் கழகத்தின் மூன்றெழுத்தை ஓசையாக வைத்தே ஒரு பாட்டைப் பாடினார். தணிக்கைக் கத்தி நீண்டபோது, அந்த எழுத்துக்கள் திருக்குறளின் பெயரால் அமைந்த ஒரு கழகத்தைக் குறிப்பவை என்று பொருள் சொல்லித் தப்ப வைத்தார்கள். கொட்டகையில் இருந்தவனுக்கு எது புரியவேண்டுமோ அது புரிந்தது! 1956இல் அண்ணாவின் "ரங்கோன் ராதா" படமானபோது அதிலும் நடித்தார்.

ஆனால் தோழர்களே, உண்மையை முழுதாகச் சொல்வோம். நாகர்கோவிலில் தம் சொந்தப் பணத்தில் காந்தியாருக்கு நினைவுத்தூண் எழுப்பியவரும் இதே கலைவாணர்தான். அவரை ஒரு கொடிக்குள் சுருட்டிவிட முடியாது. நல்லது எங்கே கண்டாரோ அங்கே கைகூப்பினார். கெட்டது எங்கே கண்டாரோ அங்கே சிரித்தார். அப்படிப்பட்டவர் நம் மேடைக்குத் தாமாக வந்தார் என்பதுதான் நமக்குப் பெருமை. உறுப்பினர் சீட்டுக் கொடுத்து அழைத்து வந்தவர் அல்லர், கருத்துக்காக வந்தவர். அப்படிப்பட்டவர்கள் நாளையும் நம் மேடைக்கு வரவேண்டுமானால், நம் மேடை எப்படி இருக்கவேண்டும் என்று எண்ணிப் பாருங்கள்.

குறையே இல்லாதவரா? இல்லை. மணமானவர் என்பதை மறைத்துத்தான் மதுரத்தை மணந்தார். பின்னர் அது தெரிந்து அம்மையார் மனம் புண்பட்டார், பிணங்கினார், பிறகே சமாதானம் ஆயிற்று. அதன் பின் மதுரத்தின் தங்கையையும் மணந்தார். பெண்ணின் அறிவைத் திரையில் போற்றியவர் வீட்டில் பெண்ணிடம் உண்மையை மறைத்தார் என்பதை மூடி மறைக்க நமக்கு வேலையில்லை. தலைவனாயினும் கலைஞனாயினும் தவறு தவறுதான் என்று சொல்லும் துணிவு இல்லாதவனுக்குப் பகுத்தறிவு எதற்கு? அந்தப் பிழையைப் பொறுத்து, வழக்கு வந்தபோது அவரை மீட்கப் போராடிய மதுரத்தின் பெருமை அதனால் இன்னும் ஒரு படி உயரவே செய்கிறது.

இன்னொரு பக்கமும் உண்டு. லட்சம் லட்சமாகச் சம்பாதித்தார், கேட்டவருக்கெல்லாம் கொடுத்தார். சோடா விற்ற கை, பணத்தைப் பிடித்து வைக்கக் கற்கவில்லை. கடைசி நாட்களில் கையிருப்பு கரைந்துவிட்டது. அப்போதும் வந்தவனை வெறுங்கையோடு அனுப்ப அவருக்கு மனம் வரவில்லை. எம். ஜி. ஆர். அவரைத் தமக்கு வழிகாட்டியாகப் போற்றினார் என்றால், நடிப்புக்காக மட்டுமல்ல, அந்தக் கொடைக்காகவும்தான். காஞ்சிபுரத்துத் தேர்தல் முடிந்து அரையாண்டு ஆகவில்லை. 1957 ஆகஸ்ட் 30ஆம் நாள், சென்னை பொது மருத்துவமனையில் கலைவாணர் கண் மூடினார். 49ஆவது பிறந்தநாளைக்கூட அவர் பார்க்கவில்லை.

கேட்டது ஒன்று, நடந்தது இரண்டு

பன்னிரண்டு ஆண்டுகள் உருண்டன. சட்டசபைக்கு அனுப்புங்கள் என்று அவர் கைகாட்டிய அண்ணா முதலமைச்சரானார். நோய் அவரை வாட்டிக்கொண்டிருந்த நேரம். 1969 ஜனவரி 14, பொங்கல் திருநாள். சென்னை மாநிலம் தமிழ்நாடு என்ற பெயரைத் தாங்கிய நாள். அன்று தியாகராய நகரில் கலைவாணர் சிலையை அண்ணா திறந்து வைத்தார். அண்ணா கலந்துகொண்ட கடைசிப் பொதுநிகழ்ச்சி அதுவாகவே அமைந்தது. மூன்று வாரத்துக்குள், பிப்ரவரி 3ஆம் நாள், அவரும் மறைந்தார். தமக்காகச் சிரிக்க வைத்த நண்பனுக்கு, தம் கடைசி மேடையைக் கொடுத்துவிட்டுப் போனார்!

பின்னர் கலைஞர் ஆட்சியில் சென்னை வாலாஜா சாலைப் பக்கத்து அரசு அரங்கம் கலைவாணர் பெயரைப் பெற்றது. பழைய கட்டடம் போய்ப் புதிய கட்டடம் 2016இல் திறக்கப்பட்டபோதும் பெயர் மாறவில்லை. 2020இல் கொரோனாத் தொற்று வந்தது. கோட்டையில் இடம் போதவில்லை. இடைவெளி விட்டு உட்கார வேண்டுமே! அந்த ஆண்டு செப்டம்பரில் சட்டமன்றம் கலைவாணர் அரங்கத்தில் கூடியது. 2021 மே மாதம் புதிய உறுப்பினர்கள் பதவிப் பிரமாணம் எடுத்துக்கொண்டதும் அங்கேதான். அண்ணாவைச் சட்டசபைக்கு அனுப்புங்கள் என்று 1957இல் கேட்டார். 63 ஆண்டுகள் கழித்துச் சட்டசபையே அவர் பெயர் தாங்கிய கூரைக்குக் கீழே வந்து உட்கார்ந்தது! நான்காம் வகுப்போடு பள்ளி விட்டவருக்கு இதைவிடப் பெரிய பட்டம் எந்தப் பல்கலைக்கழகம் தரமுடியும்?

அவர் வழி அற்றுப் போகவில்லை. மூடநம்பிக்கையை நகைச்சுவையில் வைத்துத் தாக்கிய விவேக்கை மக்கள் சின்னக் கலைவாணர் என்று அழைத்தார்கள். 2021 ஏப்ரலில் அவரும் மறைந்தார். பட்டம் இருக்கிறது, இடம் காலியாக இருக்கிறது. இன்று சிரிப்புக்குப் பஞ்சமா? இல்லை. கைப்பேசியைத் திறந்தால் கொட்டுகிறது! ஆனால் நின்று கேளுங்கள், யாரைப் பார்த்துச் சிரிக்கச் சொல்கிறார்கள்? கறுத்தவளைப் பார்த்து, பருத்தவனைப் பார்த்து, ஆங்கிலம் தெரியாதவனைப் பார்த்து, வடக்கிலிருந்து வேலைக்கு வந்த கூலித் தொழிலாளியைப் பார்த்து! பழைய பபூன் புதுச் சட்டை போட்டுக்கொண்டு வந்திருக்கிறான். அந்த வேடிக்கையை நம் தோழர்களும் பகிர்ந்து மகிழ்கிறார்களே, அதுதான் என் நெஞ்சை உறுத்துகிறது.

தோழனே! அடுத்த கூட்டத்தில் நீ மேடையேறும்போது தேநீர்க் கடைத் தூணில் சாய்ந்து நிற்கும் அந்த மாற்றுக் கட்சித் தொழிலாளியைப் பார். அவனும் மாதக் கடைசியில் திண்டாடுகிறவன். அவன் பிள்ளையும் கிந்தனாரைப் போலப் பள்ளிக்கூடம் போகவேண்டியவன். அவனைக் கிழிக்காதே. அவனை ஏமாற்றும் பொய்யை எடுத்து, அவனுக்குப் பழக்கமான மொழியில், அவன் சிரிக்கும்படி சொல். சிரித்தானா? அவன் தூணை விட்டு ஓரடி முன்னே வந்துவிட்டான் என்று பொருள். மிச்சமுள்ள தூரத்தை அவனே நடந்து வருவான்.